அடுப்பங்கரைக்கு என்ன சம்பளம்?

செங்கற்பட்டிலிருந்து காஞ்சிபுரம் போகிற சாலையில் பழைய சீவரம் வரை வந்து, பாலாற்றுப் பாலத்தைக் கடந்தால் திருமுக்கூடல். பாலாறு, செய்யாறு, வேகவதி ஆகிய மூன்று ஆறுகளும் சங்கமமாகிற இடம். வருஷத்தில் எத்தனை மாதம் அவற்றில் தண்ணீர் ஓடுகிறது என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள்! அங்கே வேங்கடேசப் பெருமாள் கோயில் சுவரில் வீரராஜேந்திர சோழன் காலத்துக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. ஏறக்குறைய 950 வருஷங்களுக்கு முன் வெட்டியது. கோயிலை ஒட்டி ஒரு பாடசாலையும், மாணவர் விடுதியும், 15 படுக்கைகள் கொண்ட ஓர் ஆதுலர் சாலையும் நடந்தனவாம். ஆதுலர் சாலை என்றால் இன்றைய பாஷையில் ஆஸ்பத்திரி.

அந்த ஆஸ்பத்திரியின் சம்பளப் பட்டியல் முழுவதும் கல்லில் இருக்கிறது. வைத்தியருக்கு வருஷத்துக்கு 90 கலம் நெல்லும் 8 காசும். சல்லியக் கிரியை செய்பவருக்கு, அதாவது கத்தி வைத்துச் சிகிச்சை செய்பவருக்கு, 30 கலம் நெல். மூலிகை கொண்டுவருபவர், நாவிதர், தண்ணீர் சுமப்பவர் யாரையும் விட்டுவிடவில்லை. அந்த வரிசையில் ‘மருந்து அடும் பெண்டுகள்’ இரண்டு பேர் வருகிறார்கள். மருந்து காய்ச்சிக் கொடுத்து, நோயாளியைப் பக்கத்திலிருந்து கவனித்துக்கொள்ளும் பெண்கள். இரண்டு பேருக்குமாகச் சேர்த்து 30 கலம் நெல், 1 காசு. போதுமா, போதாதா என்று நாம் வாதாடலாம். ஆனால் ‘பெண்கள்தானே, பார்த்துக்கொள்ளமாட்டார்களா?’ என்று சும்மா விட்டுவிடவில்லை. கணக்கில் எழுதி, நெல் அளந்தார்கள்.

சரித்திரப் பாடம் எதற்கு என்று கேட்பீர்கள். விஷயம் இருக்கிறது.

இன்று அதே ஊர்ப் பக்கம் போனால் கண்ணில் படுவது லாரிகள். உத்திரமேரூர் வட்டாரத்தில் கல் குவாரிகளும் கிரஷர்களும் உண்டு. ஜல்லி ஏற்றிக்கொண்டு புழுதியைக் கிளப்பிக்கொண்டு வருகிற வண்டிகளுக்கு ஒதுங்கி, ஸ்கூட்டரின் பின்னால் புடவைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு போகிற பெண்களை நாளெல்லாம் பார்க்கலாம். திருமுக்கூடலில் மட்டும்தானா? தாம்பரத்திலும் அப்படித்தான், திருச்சியிலும் அப்படித்தான்.

ஒரு பேச்சுக்கு வைத்துக்கொள்வோம். அப்படிப் போகிற ஓர் அம்மாள். வயது 38. கணவருக்குச் சுமாரான உத்தியோகம், இரண்டு குழந்தைகள், கூடவே மாமியார். லாரி இடித்து, அம்மாளுக்கு வலது மணிக்கட்டும் தோளும் முறிந்துவிட்டன. கம்பி வைத்துத் தைத்து, ஆறு மாதத்தில் எழுந்து நடமாடுகிறாள். ஆனால் கை முன்போல் இல்லை. குடம் தூக்க முடியாது. மாவுப் பாத்திரத்தை இறக்க முடியாது. தலையைப் பின்னிக்கொள்ளக்கூட மகள் வரவேண்டும். நஷ்ட ஈட்டுக்கு மனுப் போட வக்கீலிடம் போகிறார்கள். அவர் கேட்கிற முதல் கேள்விகளில் ஒன்று, “அம்மாவுக்கு என்ன வருமானம்?”

கணவர் யோசிக்காமல் பதில் சொல்லுகிறார்: “வருமானம் ஒன்றும் இல்லை சார், வீட்டில் சும்மாதான் இருக்கிறாள்.”

அந்தச் ‘சும்மா’ என்ற ஒரு சொல்லுக்கு விலை எத்தனை லட்சம் என்பதைத்தான் இந்த வாரம் எழுத உட்கார்ந்தேன்.

சட்டமே ஒரு காலத்தில் கிட்டத்தட்ட அந்தக் கணவர் மாதிரிதான் பேசிற்று. மோட்டார் வாகனச் சட்டத்தில் 1994-ல் ஓர் அட்டவணை சேர்த்தார்கள். சம்பாத்தியம் இல்லாதவர்களுக்கு வருஷ வருமானம் 15,000 ரூபாய் என்று வைத்துக்கொள்ளலாம் என்றும், மனைவியாக இருந்தால் சம்பாதிக்கிற கணவனின் வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கு என்றும் அது கணக்குச் சொல்லிற்று. கணவனுக்குப் பதவி உயர்வு வந்தால் மனைவி சமைக்கிற சாம்பாருக்கும் விலை ஏறும். அவருக்கு வேலை போய்விட்டால் சாம்பாருக்கும் மதிப்பில்லை! இப்படி ஒரு தர்க்கம்.

கோர்ட்டுகள்தான் கொஞ்சம் கொஞ்சமாக இதை மாற்றின. ஜாம்ஷெட்பூரில் 1989 மார்ச்சில் ஒரு விழாப் பந்தல் தீப்பிடித்துப் பலர் மாண்டார்கள். அது சாலை விபத்தல்ல. ஆனாலும் அந்த வழக்கில், இறந்துபோன குடும்பப் பெண்களின் உழைப்பு வருஷத்துக்கு 12,000 ரூபாய் பெறும் என்று போட்டிருந்த கணக்கை, போதவே போதாது என்று 2001-ல் சுப்ரீம் கோர்ட் 36,000 ஆக்கிற்று. அப்புறம் 2010-ல் ஒரு சாலை விபத்து வழக்கில் நீதிபதி கங்குலி ஒரு விஷயத்தை எடுத்துக் காட்டினார். 2001-ஆம் வருஷத்து ஜனத்தொகைக் கணக்கில் வீட்டு வேலை செய்யும் பெண்களைப் பிச்சைக்காரர்கள், கைதிகள் முதலானவர்களோடு சேர்த்து, உற்பத்தியில் ஈடுபடாதவர்கள் என்று போட்டிருந்தார்களாம். காலை ஐந்து மணிக்கு எழுந்து பால் காய்ச்சுகிறவள் உற்பத்தியில் ஈடுபடவில்லை. அந்தப் பாலைக் குடித்துவிட்டு ஆபீசில் கொட்டாவி விடுகிறவர் ஈடுபட்டார்!

நம் சென்னை ஹைகோர்ட்டில் 2009-ல் நீதிபதி பிரபா ஸ்ரீதேவன் கொடுத்த தீர்ப்பைத் தனியாகச் சொல்லவேண்டும். விபத்தில் தாயை இழந்த ஒரு சிறு பெண்ணின் வழக்கு அது. வீட்டிலிருக்கும் பெண்ணின் உழைப்பைப் பணமாக மதிப்பிட என்னென்ன வழிகள் உண்டு என்று அந்தத் தீர்ப்பு ஆராய்கிறது. மூன்று வழிகள். நம் பாஷையில் சொல்கிறேன்.

ஒன்று, அவள் வீட்டில் இல்லாமல் வெளியே வேலைக்குப் போயிருந்தால் என்ன சம்பாதித்திருப்பாள் என்று பார்ப்பது. பி.எஸ்ஸி. படித்துவிட்டு, பிள்ளை பிறந்ததும் டீச்சர் வேலையை விட்டவள் என்றால் இந்தக் கணக்கு அவளுக்குப் பொருந்தும். அடுத்தது, இல்லறத்தை ஒரு கூட்டு வியாபாரமாகப் பாவித்து, கணவன் மனைவி இரண்டு பேரும் சம பங்காளிகள் என்று கொண்டு, வருமானத்தில் பாதி அவளுடையது என்பது. மூன்றாவது வழிதான் எனக்கு மிகவும் பிடித்தது: அவள் செய்கிற வேலைகளையெல்லாம் கூலிக்கு ஆள் வைத்துச் செய்வதானால் என்ன ஆகும் என்று கூட்டிப் பார்ப்பது. சமையலுக்கு ஓர் ஆள், துணி துவைக்கப் பாத்திரம் தேய்க்க ஓர் ஆள், பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்தில் விட்டு அழைத்து வர, பாடம் சொல்லிக் கொடுக்க, மாமியாருக்கு வேளை தவறாமல் மாத்திரை கொடுக்க, ராத்திரி மூன்று மணிக்குப் பெரியவர் இருமினால் எழுந்து வெந்நீர் வைக்க! இந்தக் கடைசி வேலைக்கு எந்த ஊரில் ஆள் கிடைக்கும், என்ன சம்பளம் கேட்பார் என்று யாராவது விசாரித்துச் சொன்னால் தேவலை.

பிறகு 2021 ஜனவரியில், டில்லியில் மோட்டார் சைக்கிளில் போன ஒரு தம்பதி இறந்த வழக்கில், ஹைகோர்ட் 22 லட்சமாகக் குறைத்திருந்த தொகையைச் சுப்ரீம் கோர்ட் 33 லட்சத்து 20 ஆயிரமாக உயர்த்திற்று. அதில் நீதிபதி ரமணா தனியாக எழுதிய பகுதியில் ஒரு புள்ளி விவரம் தருகிறார். சம்பளமில்லாத வீட்டு வேலைகளுக்கு ஒரு பெண் சராசரியாக நாளொன்றுக்கு 299 நிமிஷம் செலவிடுகிறாள். ஆண் 97 நிமிஷம் என்று 2019-ஆம் வருஷத்து அரசாங்க சர்வே சொல்கிறது. (97 நிமிஷம் செய்கிற அந்த ஆண் எந்தத் தெருவில் இருக்கிறார் என்று என்னோடு வேலை பார்க்கும் சகோதரி ஒருத்தி கேட்டாள். ஆபீசில் ஒருவரும் வாய் திறக்கவில்லை.) வருங்காலத்தில் உயரக்கூடிய வருமானத்துக்காக மற்றவர்களுக்குச் சேர்க்கிற தொகையை, வீட்டுப் பெண்ணுக்கும் சேர்க்கவேண்டும் என்பதும் அந்தத் தீர்ப்பிலேயே இருக்கிறது. 2024 பிப்ரவரியில் இன்னும் ஒரு படி: குடும்பத் தலைவியின் உழைப்பை ஒரு தினக்கூலிக்காரரின் குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே மதிப்பது எப்படி நியாயம் என்று கேட்டு, இரண்டரை லட்சமாக இருந்த தொகையை 6 லட்சமாக்கினார்கள்.

இவையெல்லாம் மாண்டுபோனவர்களைப் பற்றிய வழக்குகள். நம் அம்மாள் உயிரோடிருக்கிறாள். காயம்பட்டவர்களின் கணக்கு எப்படி? இங்கே தெரிந்துகொள்ள வேண்டியது சதவிகிதம்.

டாக்டர் ஒரு சர்ட்டிபிகேட் கொடுப்பார். “வலது கையில் இத்தனை சதவிகிதம் ஊனம்” என்று இருக்கும். அது உடம்பின் கணக்கு. பிழைப்பின் கணக்கு அல்ல. 2010-ல் நீதிபதி ரவீந்திரன் எழுதிய சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு ஒன்று இதைத் தெளிவாக்கிற்று. இடது கை போய்விட்டது என்று வையுங்கள். ஒரு தச்சருக்கோ டிரைவருக்கோ அநேகமாகப் பிழைப்பே நூற்றுக்கு நூறு போயிற்று. சர்க்கார் ஆபீஸ் குமாஸ்தாவாக இருந்தால் வேலை போகாமலும் இருக்கலாம். கை ஒன்றேதான், நஷ்டம் வேறு. ஆகவே அவரவர் தொழிலுக்கு அந்தக் காயம் எவ்வளவு குறுக்கே நிற்கிறது என்று பார்க்கவேண்டும்.

அப்படியானால் வீட்டுப் பெண்ணின் தொழில் என்ன? தூக்குவது, குனிவது, பிசைவது, பிழிவது, அடுப்படியில் மணிக்கணக்காக நிற்பது. குமாஸ்தாவைவிடத் தச்சருக்குத்தான் அவள் நெருங்கிய உறவு! மணிக்கட்டு திரும்பாவிட்டால் அவள் தொழிலில் பெரும் பகுதி நின்றுவிடுகிறது. இதை டிரிபியூனலில் யாராவது எடுத்துச் சொன்னால்தானே தெரியும்? ‘சும்மா இருக்கிறாள்’ என்று மனுவில் எழுதிவிட்டால், சும்மா இருக்கிறவளுக்கு மணிக்கட்டு எதற்கு என்று இன்ஷ்யூரன்ஸ் கம்பெனி வக்கீல் கேட்கமாட்டாரா?

கணக்கைப் போட்டே பார்த்துவிடலாம். கோர்ட்டுகள் பின்பற்றுகிற முறைப்படி 36 முதல் 40 வயது வரை உள்ளவர்களுக்குப் பெருக்கல் எண் 15. அம்மாளின் உழைப்பு மாதம் 3,000 ரூபாய் என்றும், பிழைப்பில் நஷ்டம் பத்து சதவிகிதம் என்றும் அலட்சியமாகப் போட்டால், மாதம் 300, வருஷம் 3,600, பதினைந்தால் பெருக்கினால் 54,000 ரூபாய். அதே அம்மாளுக்கு மாதம் 9,000 என்று மதிப்பிட்டு, நாற்பது வயதுக்குக் கீழே என்பதால் வருங்கால உயர்வுக்கு 40 சதவிகிதம் சேர்த்து, நஷ்டம் 30 சதவிகிதம் என்று நிரூபித்தால், 6 லட்சத்து 80 ஆயிரத்து 400 ரூபாய். 9,000-மும் 30-ம் நான் உதாரணத்துக்கு எடுத்துக்கொண்டவை. ஒவ்வொரு வழக்கிலும் சாட்சியத்தைப் பொறுத்து மாறும். ஆனால் கை அதே கைதான் என்பதைக் கவனியுங்கள்!

ஆஸ்பத்திரிச் செலவு, வலியும் வேதனையும், போக்குவரத்து, சத்துள்ள ஆகாரம் எல்லாம் இதற்கு மேலே. சத்துள்ள ஆகாரமா என்று சிரிக்காதீர்கள்; முட்டையும் பாலும் பழமும் அந்தத் தீர்ப்பின் கணக்குப்படியே கேட்கக்கூடியவை. சர்க்கார் ஆஸ்பத்திரியில் தர்மத்துக்கு வைத்தியம் நடந்தது, கையிலிருந்து ஒன்றும் செலவில்லை, அதனால் நஷ்ட ஈடும் இல்லை என்று நினைத்து இருந்துவிடுகிறவர்கள் உண்டு. நம் ராஜ்யத்தில் 2021 டிசம்பரில் மேல்மருவத்தூரில் தொடங்கிய ‘இன்னுயிர் காப்போம்’ திட்டத்தில் முதல் 48 மணி நேரச் சிகிச்சைக்குப் பணம் கேட்பதில்லை. நல்ல ஏற்பாடு. ஆனால் அது வைத்தியத்துக்கு. கையின் நஷ்டம் தனி.

இனி, பக்கத்திலிருந்து பார்த்துக்கொள்கிறவளின் கதை. ஹரியானாவில் 2007-ல் பன்னிரண்டு வயதுப் பெண் ஒருத்தி டிராக்டரில் போகும்போது லாரி மோதிற்று. உயிர் பிழைத்தாள், ஆனால் மூளையில் அடிபட்டு, அறிவு ஒன்பது மாதக் குழந்தையினுடையதாகிவிட்டது. ஆயுசு முழுவதும் படுக்கை. டிரிபியூனல் கொடுத்தது சுமார் 11 லட்சம். ஹைகோர்ட் 25 லட்சத்து 78 ஆயிரமாக்கிற்று. பெற்றவர்கள் விடவில்லை. 2020 பிப்ரவரியில் சுப்ரீம் கோர்ட் 62 லட்சத்து 27 ஆயிரம் என்று தீர்ப்பளித்தது. பன்னிரண்டு வயதில் அடிபட்டவளுக்கு அப்போது இருபத்தைந்து வயது ஆகியிருக்கும்.

அந்தத் தொகையில் பெரிய பங்கு எதற்குத் தெரியுமா? உதவிக்கு இரண்டு பேர், ஆளுக்கு மாதம் 5,000 ரூபாய். அதை வருஷத்துக்காக்கிப் பதினெட்டால் பெருக்கி, 21 லட்சத்து 60 ஆயிரம். குளிப்பாட்ட, புரட்டிப் படுக்க வைக்க, துணி மாற்ற ஆகிற கூலி. திருமுக்கூடல் கல்லிலும் இரண்டு பெண்கள். இந்தத் தீர்ப்பிலும் இரண்டு ஆட்கள்.

நம் வீடுகளில் இந்த வேலையை யார் செய்கிறார்கள்? தாயார், மனைவி, மூத்த பெண். மூத்த பெண் காலேஜை நிறுத்திவிடுகிறாள். தாயார் தையல் மெஷினை மூடி வைத்துவிடுகிறாள். ‘ஆள் வைத்தீர்களா?’ என்று கேட்டால், ‘இல்லை, நாங்களே பார்த்துக்கொண்டோம்’ என்று பெருமையோடு பதில் வரும். பெருமை வாஸ்தவம்தான். ஆனால் அந்தத் தையல் வருமானம் நின்றதையும், காலேஜ் போனதையும் சேர்த்துச் சொல்லவேண்டாமா?

வீட்டுக் கணக்கு நோட்டுப் போடுகிறவர்கள் நம்மிடையே ஏராளம். பால் கணக்கு எழுதுகிற அதே நோட்டில் விபத்து நடந்த மறுநாளிலிருந்து எழுதுங்கள். எத்தனை நாள் ஆஸ்பத்திரி, ஆட்டோவுக்கு எவ்வளவு, சமையலுக்கு ஆள் வைத்தால் பெயர், தேதி, கொடுத்த சம்பளம், கையெழுத்து. தீர்ப்பு சொன்ன மூன்றாவது வழிக்கு இதைவிடச் சாட்சி வேறில்லை. டிஸ்சார்ஜ் சீட்டு, எக்ஸ்ரே படம், மருந்துக்கடை ரசீது, போலீஸ் முதல் தகவல் அறிக்கையின் நகல் எல்லாவற்றையும் ஒரு பையில் போட்டு, அந்தப் பையை யாரிடமும் கொடுக்காமல், நகலை மட்டும் கொடுங்கள். வெற்றுக் காகிதத்தில் கையெழுத்துக் கேட்டால், கேட்பவர் எத்தனை இனிமையாகப் பேசினாலும் மறுத்துவிடுங்கள்.

“பாவம், லாரி டிரைவர் ஏழை. அவன் வயிற்றில் அடிப்பானேன்?” என்று இரக்கப்படுகிற சகோதரிகளை எனக்குத் தெரியும். நல்ல மனசு. ஆனால் வண்டிக்கு முறையாக இன்ஷ்யூரன்ஸ் இருந்தால் பணம் கொடுப்பது கம்பெனி. அதற்காகவே வண்டிக்காரர் வருஷா வருஷம் பிரிமியம் கட்டுகிறார். ரோட்டோரத்தில் கையில் ஆயிரம் ஐந்நூறு திணித்து, கேஸ் வேண்டாம் என்று கும்பிடுகிறவர்களிடம்தான் ஜாக்கிரதை வேண்டும்.

தவணை விஷயம் ஒன்று. விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் மனுப் போடவேண்டும் என்று 2019-ல் சட்டத்தைத் திருத்தினார்கள்; 2022 ஏப்ரல் 1 முதல் அது அமலுக்கு வந்தது. அதை ஆட்சேபித்துச் சுப்ரீம் கோர்ட் வரை போயிருக்கிறார்கள். அந்த விவகாரம் எப்படியோ முடியட்டும். நீங்கள் ஆறு மாதத்தையே கெடுவாக வைத்துக்கொள்ளுங்கள். விபத்து நடந்த ஊருக்குத்தான் ஓடவேண்டும் என்பதில்லை. நீங்கள் குடியிருக்கிற இடத்து டிரிபியூனலிலும் மனுப் போடலாம்.

மனுவில் கேட்டது 3 லட்சம், அதற்கு மேல் எப்படிக் கொடுப்பார்கள் என்று சிலர் மலைப்பார்கள். நியாயமான தொகை எதுவோ அதைக் கொடுக்கவேண்டும் என்பதுதான் சட்டம். கேட்டதற்கு மேலும் கொடுக்கலாம் என்று 2002-லேயே சுப்ரீம் கோர்ட் சொல்லியாயிற்று.

லோக் அதாலத் என்கிற மக்கள் கோர்ட்டில் சமரசம் பேசுவார்கள். சீக்கிரம் முடியும், காசும் சீக்கிரம் வரும். ஆனால் அங்கே ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போட்டால் அதற்கு அப்பீல் கிடையாது. ஆதலால் பேச உட்காருவதற்கு முன்னாலேயே, மேலே போட்ட மாதிரி ஒரு கணக்கை வீட்டிலேயே போட்டுக்கொண்டு போங்கள். அவர்கள் சொல்லும் தொகைக்கும் உங்கள் கணக்குக்கும் பேதம் அதிகமிருந்தால், யோசித்துச் சொல்கிறேன் என்று எழுந்து வந்துவிடலாம். ஒருவரும் கோபித்துக்கொள்ளமாட்டார்கள், கோபித்தால்தான் என்ன?

டிரிபியூனல் தீர்ப்புக் கொடுத்து, தொகை போதாது என்று தோன்றினால், 90 நாளைக்குள் ஹைகோர்ட்டுக்குப் போகலாம். தகராறில் உள்ள தொகை ஒரு லட்சத்துக்குக் குறைவாக இருந்தால் அப்பீல் இல்லை. அந்தத் தொண்ணூறு நாள் வெகு சீக்கிரம் ஓடிவிடும். தீர்ப்பின் நகலுக்கு அன்றைக்கே விண்ணப்பம் போடச் சொல்லுங்கள். நகல் கைக்கு வந்ததும், அம்மாளின் வருமானம் என்று எதை எழுதியிருக்கிறார்கள், எத்தனை சதவிகிதம் போட்டிருக்கிறார்கள், வருங்கால உயர்வைச் சேர்த்தார்களா, பார்த்துக்கொண்டவளுக்கு ஏதாவது உண்டா என்று நீங்களே படித்துப் பாருங்கள். இங்கிலீஷில் இருந்தால் காலேஜில் படிக்கிற பெண்ணைப் படித்துச் சொல்லச் சொல்லுங்கள்.

வக்கீலுக்குக் கொடுக்கப் பணம்? 1987-ஆம் வருஷத்துச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டப்படி, பெண்ணாக இருந்தால் போதும்; வருமானம் எவ்வளவு என்று கேட்காமலே இலவசமாக வக்கீல் வைத்துக் கொடுக்க வேண்டும். வட்டம் தோறும் கோர்ட்டை ஒட்டி இதற்கென்று ஆபீஸ் இருக்கிறது. டெலிபோன் எண் 15100. குளிர்சாதனப் பெட்டியின் கதவில், காஸ் சிலிண்டர்காரர் நம்பருக்குப் பக்கத்தில் எழுதி ஒட்டி வைத்துக்கொள்ளலாம்.